குதிரை ஓட்டி வந்தவர் ஆஸ்கார் வாங்கினார்!

கௌபாய் படங்களில் கதாநாயகனின் பெயர் எல்லோருக்கும் தெரியும். ஜான் வெய்ன் என்று சிறுவர்கள்கூடச் சொல்லிவிடுவார்கள். அவருக்குப் பக்கத்தில் குதிரையில் வருகிறாரே, அவர் யார் என்று கேட்டால் விழிப்பார்கள்.

அப்படிப் பக்கத்தில் வந்தவர்களில் ஒருவர், பென் ஜான்சன். மற்ற நடிகர்கள் சினிமாவுக்காகக் குதிரை ஏறக் கற்றார்கள். இவரோ குதிரைகளோடு சினிமாவுக்கு வந்தவர்!

ஒரு நாள் கூலி ஒரு டாலர்

அமெரிக்காவில் ஓக்லகோமா மாநிலம், மாட்டுப் பண்ணைகள் நிறைந்த பகுதி. அங்கே போரேக்கர் என்ற சிற்றூரில் 1918-ம் ஆண்டு ஜான்சன் பிறந்தார். தகப்பனார் பெயரும் பென் ஜான்சன்தான். ஓடுகிற மாட்டைக் கயிறு வீசிப் பிடிக்கும் போட்டிகளில் அவர் பெயர் பெற்றவர். மகனும் அதையே கற்றார். பண்ணையில் வேலை பார்த்தார். ஒரு நாளைக்கு ஒரு டாலர் கூலி.

அப்பொழுது ஹவார்டு ஹியூஸ் என்ற கோடீசுவரர் "தி அவுட்லா" என்ற படம் எடுத்தார். படத்துக்காக ஓக்லகோமாவில் குதிரைகள் வாங்கினார். அவற்றை ஹாலிவுட்டுக்குக் கொண்டுபோய்ச் சேர்க்கும் வேலை ஜான்சனுக்குக் கிடைத்தது. அங்கே அவர் வாங்கிய முதல் சம்பளம் 300 டாலர்! ஏறக்குறைய ஒரு வருட கூலி ஒரே தடவையில் வந்தால் யார்தான் திரும்பிப் போவார்? ஜான்சன் ஹாலிவுட்டிலேயே தங்கிவிட்டார்.

கதாநாயகர்களுக்கு "டூப்" போட்டார். குதிரையிலிருந்து உருண்டு விழுவது இவர். பெயர் வாங்குவது கதாநாயகன். பட முதலாளிகளுக்குக் குதிரை வாடகைக்கு விட்ட ஒருவரின் மகள் கரோலை 1941-ல் மணந்தார்.

மூன்று உயிர்கள் தப்பின

"போர்ட் அப்பாச்சி" படம் 1948-ல் வெளிவந்தது. ஹென்றி பாண்டாவுக்கு ஜான்சன் டூப். படப்பிடிப்பின்போது ஒரு வண்டியில் பூட்டிய குதிரைகள் மிரண்டு ஓடின. வண்டியில் மூன்று பேர் இருந்தார்கள். ஜான்சன் தம் குதிரையைத் தட்டிவிட்டார். பாய்ந்து சென்று வண்டியைப் பிடித்து நிறுத்தினார். மூவரும் பிழைத்தார்கள்.

டைரக்டர் ஜான் போர்டு இதைப் பார்த்தார். தக்க பரிசு உண்டு என்றார். இன்னொரு படத்தில் டூப் வேலை கிடைக்கும் என்று ஜான்சன் நினைத்தார். வந்ததோ நடிகர் ஒப்பந்தம்! ஏழு வருடம், வாரம் 5,000 டாலர். அந்த வரிக்கு மேல் படிக்காமலே கையெழுத்துப் போட்டதாக அவர் பிற்காலத்தில் சொல்வதுண்டு.

"வேகன் மாஸ்டர்", "ரியோ கிராண்டி" இரண்டும் 1950-ல் வந்தன. "ரியோ கிராண்டி"யில் இரண்டு குதிரைகளின் முதுகில், ஆளுக்கொன்றாகக் கால் வைத்து நின்றபடி பறப்பார். அதில் டூப் கிடையாது.

அந்தப் படம் எடுக்கும்போதுதான் தகராறும் வந்தது. போர்டு எல்லோர் முன்னிலையிலும் திட்டுகிறவர். பெரிய நட்சத்திரங்களும் வாய் திறக்கமாட்டார்கள். சாப்பாட்டு நேரத்தில் ஒரு நாள் ஜான்சனைத் திட்டினார். ஜான்சன் பதிலுக்குப் பேசிவிட்டு எழுந்து போனார். அதன் பிறகு 1964-ல் வெளிவந்த "சையன் ஆட்டம்" வரையில் போர்டின் படங்களில் அவரைக் காண முடியவில்லை. வாழ்வு கொடுத்தவரிடம் இப்படியா என்று கேட்கலாம். ஆனால், கூலி வாங்கிய காலத்திலும் வசவு வாங்கிப் பழகாதவர் அவர்.

உலக சாம்பியன்

1953-ல் சினிமாவை ஒதுக்கிவிட்டுக் கயிறு வீசும் போட்டிகளுக்குக் கிளம்பினார். இருவர் சேர்ந்து ஆடும் போட்டி அது. ஒருவர் மாட்டின் தலையில் சுருக்குப் போடவேண்டும், மற்றவர் பின்னங்கால்களில். அந்த ஆண்டு ஜான்சன் உலக சாம்பியன் ஆனார். ஊர் ஊராகச் சுற்றிய செலவு போக, வருடக் கடைசியில் மிஞ்சியது தேய்ந்த கார் ஒன்று. கோபத்தோடு இருந்த மனைவி! மறுபடியும் நடிக்கப் போனார்.

1971-ல் வந்தது "தி லாஸ்ட் பிக்சர் ஷோ". சிற்றூரில் சினிமாக் கொட்டகை நடத்தும் பெரியவர் வேடம். டைரக்டர் பீட்டர் பாக்டனோவிச் கூப்பிட்டார். ஜான்சன் மறுத்தார். வசனம் அதிகம், அதிலும் கெட்ட வார்த்தைகள் என்றார். பாக்டனோவிச் யாரிடம் போய் முறையிட்டார், தெரியுமா? அதே ஜான் போர்டிடம்! போர்டு பேசினார். ஜான்சன் ஒப்புக்கொண்டார், ஒரு நிபந்தனையோடு. கெட்ட வார்த்தைகளை நீக்கித் தம் வசனத்தைத் தாமே மாற்றிக்கொண்டார்.

படத்தில் அவர் வருவது சுமார் பத்தே நிமிடம். சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கார் பரிசு அவருக்குக் கிடைத்தது. அப்பொழுது அவருக்கு வயது 53.

பிறகும் குதிரை வளர்த்தார், நடித்தார். 1994-ல் கரோல் காலமானார். பிள்ளைகள் கிடையாது. 1996 ஏப்ரல் 8-ந் தேதி, அரிசோனா மாநிலத்தில் தள்ளாத வயதில் இருந்த தாயாரைப் பார்க்கப் போயிருந்தபோது மாரடைப்பால் ஜான்சன் இறந்தார். மகன் போன பிறகும் தாயார் சில ஆண்டுகள் உயிரோடு இருந்தார்.