தோற்கத் தெரிந்த கலைஞர்

ஒரகடத்திலும் ஸ்ரீபெரும்புதூரிலும் நாள்தோறும் மோட்டார் வண்டிகள் உருவாகி வெளியேறுகின்றன. வண்டியின் நெற்றியிலே கம்பெனியின் பெயர் மின்னுகிறது. திருகாணி முடுக்கிய தோழனின் பெயர் எங்கே இருக்கிறது? திரையுலகிலும் இதே கதைதான். கதாநாயகன் சுவரொட்டியெங்கும் சிரிப்பார். அவரை நாயகராக்கிக் காட்டியவர் ஓரத்திலே நிற்பார். ஓரத்திலே நின்றே உயர்ந்தவர் டி.எஸ்.பாலையா.

1914-ல் நெல்லைச் சீமையின் சுண்டங்கோட்டையில் பிறந்தவர். 1936-ல் எல்லிஸ் ஆர்.டங்கன் இயக்கிய ‘சதிலீலாவதி’யிலே திரைக்கு வந்தார். எம்.ஜி.ஆருக்கும் அதுவே முதல் படம். அவர் பின்னாளில் நாடாளப் போனார்; பாலையாவுக்கோ வில்லன் வேடம்! மறு ஆண்டு ‘அம்பிகாபதி’யிலும் பாகவதருக்கு எதிராளி அவரே.

அந்த வில்லனைத்தான் 1949-ல் வந்த அண்ணாவின் ‘வேலைக்காரி’ நண்பனாக்கியது. தந்தையைப் பறிகொடுத்துப் பழிவாங்கத் துடிக்கும் ஆனந்தனாக கே.ஆர்.ராமசாமி. ஆத்திரத்தை அடக்கி, அறிவைக் கொண்டு போராடச் சொல்லும் மணியாகப் பாலையா. படத்தின் உயிர்நாடியான கருத்து அவர் வாய்வழியாகத்தான் வந்தது. கைதட்டலில் பெரும்பங்கு ராமசாமிக்கு, அதிலென்ன குறை?

1964-ல் ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’. படமெடுக்கத் துடிக்கும் மகன் நாகேஷ் பேய்க்கதை சொல்கிறார். பணக்காரத் தந்தை பாலையா கேட்கிறார். பேசுவதெல்லாம் நாகேஷ். இவருக்கு மிஞ்சியது முகம் ஒன்றுதான். கண் பிதுங்குகிறது, உதடு நடுங்குகிறது, உடல் நாற்காலிக்குள்ளே ஒடுங்குகிறது. அந்த அச்சம் இல்லையென்றால் அந்தக் கதைக்கு ஏது சிரிப்பு? தொலைக்காட்சியிலே மறுபடி வரும்போது, சொல்பவரை விட்டுவிட்டுக் கேட்பவரைப் பாருங்கள்.

அடுத்த ஆண்டு ஏ.பி.நாகராசனின் ‘திருவிளையாடல்’. புராணக் கதைதான், அதை நம்புவதும் நம்பாததும் அவரவர் அறிவு. நமக்கு வேண்டியது ஹேமநாத பாகவதர். பாண்டியன் அவையிலே சீடர் புடைசூழ, வெல்ல ஆளில்லையென்ற செருக்கோடு அமர்கிறாரே, அந்த அமர்விலேயே பாதி நடிப்பு முடிந்துவிடுகிறது! பாடுவது பாலமுரளிகிருஷ்ணாவின் குரல். ஆனால் அந்தக் குரலுக்குத் தலைக்கனம் ஏற்றியவர் பாலையா. பிறகு ஒரு விறகுவெட்டியின் பாட்டு காதிலே விழுகிறது. செருக்கு கரைந்து, வியப்பு பிறந்து, வெட்கம் மூடுகிறது. இரவோடு இரவாக ஊரைவிட்டே போகிறார் பாகவதர். வென்றவர் சிவாஜி கணேசன். அந்த வெற்றி எவ்வளவு பெரிதென்று அளந்து காட்டியது பாலையாவின் தோல்வி. இப்படித் தோற்க எத்தனை பேரால் முடியும்?

1967-ல் பாலச்சந்தரின் ‘பாமா விஜயம்’. வரவுக்குமேல் செலவழிக்கும் பிள்ளைகளிடையே தவிக்கும் தகப்பன். மாதக் கடைசியை அறிந்த வீட்டுக்காரர்களுக்கு விளக்கம் தேவையில்லை.

1968-ல் ‘தில்லானா மோகனாம்பாள்’. நாதசுரம் சிவாஜிக்கு, பக்கத்திலே தவில் இவருக்கு. முன்கோபக்கார வித்துவானைத் தாங்கிப் பிடிக்கும் மூத்தவர். முப்பதாண்டுக்கு மேலாக அவர் செய்து வந்த வேலையும் அதுதானே!

1972 சூலை 22-ல் பாலையா மறைந்தார். வயது 57.