நீர்வளூர் தந்த கோதை

வாலாஜாபாத்தை அடுத்த நீர்வளூரில், ஆசாரம் மிகுந்த ஸ்ரீவைஷ்ணவ குடும்பத்தில், வேங்கடாசாரியார் – பட்டம்மாள் தம்பதியரின் புத்திரியாக 1901ஆம் ஆண்டு டிசம்பர் 1ஆம் தேதி பிறந்தவர் கோதைநாயகி அம்மாள். ஆண்டாள் நாச்சியாரின் திருநாமம் தாங்கிய அக்குழந்தை, மிகச் சிறு பிராயத்திலேயே தாயாரை இழந்தது. உறவினர் ஆதரவில் வளர்ந்து வருகையில், ஐந்தரை வயதிலேயே விவாகமும் நடந்தேறியது. மணமகனான வை. மு. பார்த்தசாரதிக்கு அப்போது வயது ஒன்பது! அக்காலத்தில் அதுவே வழக்கம். பால்ய விவாகத்தைத் தடுக்கும் சட்டம் 1929இல்தான் பிறந்தது.

புக்ககம் திருவல்லிக்கேணி. பள்ளிக்கூடத்தின் படியை மிதித்தறியாத அம்மையாருக்குத் தமிழ் எழுதவும் தெரியாது. ஆயினும் புராண இதிகாசக் கதைகளைக் கேட்டுக் கேட்டே வளர்ந்த செவிச்செல்வம் இருந்தது. இல்லத்துப் பிள்ளைகளுக்குக் கதை சொல்வதில் அலாதிப் பிரியம். அவ்விதம் உள்ளத்தில் உருவான நாடகத்தை அம்மையார் வாயால் சொல்ல, தோழி பட்டம்மாள் ஏட்டில் எழுதினார். 'இந்திர மோகனா' என்ற அந்நூல் 1924இல் வெளிவந்தது. எழுத்து கைவசமானது அதன் பின்னரே. கிருஹஸ்தப் பெண் கதை எழுதுவதா என்று ஏசியவர்களும் உண்டு. வேதமும் பிரபந்தமும் ஓதியவர்களின் வாயிலிருந்தே அவ்வசைகள் வந்தன என்பதை மறைப்பதற்கில்லை. பார்த்தசாரதி ஐயங்காரோ சற்றும் தளராமல் பத்தினிக்குத் துணை நின்றார். அந்நாளில் அதுவும் சாமானியக் காரியமன்று.

1925இல் 'ஜகன்மோகினி' பத்திரிகையை ஏற்ற அம்மையார், நாவல்களைத் தொடராக அதில் எழுதலானார். மொத்தம் 115 நாவல்கள். விதவையர் துயரம், வரதக்ஷிணைக் கொடுமை, குடியால் சீரழிந்த குடும்பங்கள் என அகத்துக்குள்ளேயே அடங்கிக் கிடந்த கண்ணீரெல்லாம் அச்சேறின. தளிகை முடித்து ஓய்ந்த பெண்டிர் அவற்றை வாசித்தனர். எழுத்தறியாதாருக்கும் வாசித்துக் காட்டினர்.

காந்தியடிகளைத் தரிசித்தபின் பட்டும் பொன்னும் துறந்து கதர் உடுத்தினார். 1931இல் கள்ளுக்கடை மறியலில் ஈடுபட்டுச் சிறை புகுந்தார். மடியும் ஆசாரமும் பேணிய குடும்பத்து மாட்டுப்பெண் சிறைச்சாலையில் உண்டு உறங்கியது எத்தகைய மாறுதல் என்பதை இன்றுள்ளோர் ஊகிப்பதும் கடினம். சங்கீதத்திலும் தேர்ந்த அவர், குலப்பெண்கள் மேடையேறத் தயங்கிய காலத்தில், இளம் பாடகியான டி. கே. பட்டம்மாளுக்கு ஊக்கமளித்தார். அண்ணலின் மறைவுக்குப்பின் மகாத்மாஜி சேவா சங்கம் நிறுவி, ஏழைப் பெண்கள் கைத்தொழில் கற்க வழிசெய்தார்.

1956இல் ஏக புத்திரன் சீனிவாசன் அகால மரணமடைந்தார். அதன்பின் அம்மையாரின் தேகம் தேறவில்லை. க்ஷயரோகத்தால் வருந்தி, 1960 பிப்ரவரி 20இல் ஆசாரியன் திருவடி அடைந்தார்.