கூட்டுறவில் கூலி நீதி கண்ட அம்மையார்

முதலாளியின் ஆலையில் கூலித் தகராறு எழுவது உலகறிந்த செய்தி. உழைக்கும் மக்களே உடைமையாளராக விளங்கும் கூட்டுறவுச் சங்கத்திலும் அத்தகராறு எழுமோ? இங்கிலாந்தில் எழுந்தது. அதனைத் தீர்த்துவைக்க முன்னின்றவர் மார்கரெட் லூவெலின் டேவிஸ் அம்மையார்.

அம்மையார் 1861ஆம் ஆண்டு இலண்டனில் பிறந்தார். தந்தையார் தொழிலாளர் நலம் நாடிய கிறித்தவச் சமயகுரு. அத்தையார் எமிலி டேவிஸ், பெண்களின் உயர்கல்விக்காகக் கர்ட்டன் கல்லூரியை நிறுவியவர்களுள் முதன்மையானவர். அக்கல்லூரியில் பயின்ற அம்மையார், 1886இல் தம் பகுதிக் கூட்டுறவுச் சங்கத்தில் உறுப்பினரானார். 1889இல் மகளிர் கூட்டுறவுக் கழகத்தின் பொதுச்செயலாளர் பொறுப்பேற்று, 1921 வரை ஊதியம் பெறாமலே பணிபுரிந்தார். அவர் பொறுப்பேற்றபோது 2,000 பேரையும் எட்டாதிருந்த கழகம், விலகியபோது 50,000 பேரைக் கடந்திருந்தது. அவர்களுட் பெரும்பாலோர் தொழிலாளர் வீட்டு இல்லத்தரசியர்.

1844இல் ராக்டேல் நகரத் தொழிலாளர்கள் வகுத்த நெறியில் இயங்கிய இச்சங்கங்கள், கிடைத்த ஆதாயத்தை, வாங்கிய சரக்கின் அளவுக்கேற்ப உறுப்பினர்க்கு ஈவுத்தொகையாகப் பகிர்ந்தளித்தன. அத்தொகை ஏழை இல்லங்களுக்குப் பெருந்துணையாயிற்று. ஆயின், ஈவு உயரவேண்டுமென்னும் ஆவல் ஊழியரின் கூலியைத் தாழ்த்தும் ஆபத்தும் அதனுள் மறைந்திருந்தது. சங்கக் கடைகளிலும் தொழிற்கூடங்களிலும் பணியாற்றிய இளம்பெண்கள் தம் சொந்த உழைப்பால் வாழ்க்கை நடத்த இயலாத கூலியே பெற்றனர்.

இங்கேதான் அம்மையாரின் பெருமை விளங்குகின்றது. ஈவு பெறும் பெண்களையே, கூலி குறைந்த பெண்களுக்காகப் பேசவைத்தார் அவர். தம் உற்ற தோழியார் லிலியன் ஹாரிஸ் துணைநிற்க, ஊழியர் நிலையைக் கழகத்தின் வாயிலாக ஆராயச் செய்தார். 1890களில் உருவாகியிருந்த கூட்டுறவு ஊழியர் தொழிற்சங்கத்துடன் கழகம் கைகோத்தது. வயதுக்கேற்ற குறைந்தபட்சக் கூலி விகிதம் ஒன்று வகுக்கப்பெற்றது. அதன்படி, 14 வயதுச் சிறுமிக்கு வாரம் 5 ஷில்லிங். ஆண்டுதோறும் உயர்ந்து, 20 வயதில் 17 ஷில்லிங். ஆண்களுக்கோ 21 வயதில் 24 ஷில்லிங். முழுச் சமத்துவம் அன்று இது. எனினும், இதற்குக் கீழே இறங்கலாகாது என்னும் எல்லையேனும் வகுத்தாயிற்று.

எதிர்ப்பு எளிதாக இல்லை. நாட்டின் சங்கங்களுக்கெல்லாம் சரக்கு வழங்கிய கூட்டுறவு மொத்த விற்பனைச் சங்கத்தின் இயக்குநர்கள், தனியார் ஆலைகளோடு போட்டியிடவேண்டிய தங்களுக்கு இது இயலாதென்றனர். கழகத்தார் சோர்ந்தாரல்லர். கிளைதோறும் பேசினர், தத்தம் சங்கங்களின் கூட்டங்களில் எழுந்து வாதிட்டனர், வாக்குரிமையையே கருவியாகக் கொண்டனர். முடிவில், 1912இல் அம்மொத்த விற்பனைச் சங்கத்தின் பொதுக்கூட்டம் பெண் ஊழியர்க்கான இவ்விகிதத்தை ஏற்றது. கதவடைப்பின்றி, உடைமையாளர்களின் மனச்சான்றைத் தட்டியெழுப்பிப் பெற்ற வெற்றி அது.

அம்மையாரின் உறுதிக்கு மற்றுமொரு சான்றுண்டு. மணவிலக்குச் சட்டத்தைத் திருத்தவேண்டுமென்னும் கோரிக்கையைக் கழகம் கைவிடாமையால், 1914இல் கூட்டுறவு ஒன்றியம் தன் ஆண்டு நன்கொடையான 400 பவுனை நிறுத்திற்று. பணத்துக்காகக் கழகம் தன் உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை. நான்காண்டுகள் அந்நன்கொடையின்றியே இயங்கிற்று. 1922இல் கூட்டுறவு மாநாட்டுக்குத் தலைமை தாங்கிய முதற்பெண்மணி என்னும் சிறப்பும் அம்மையாரை நாடிவந்தது. 1944இல் அவர் மறைந்தார்.

நம் நாட்டிலும் கூட்டுறவுப் பண்டகசாலைகளும் நெசவாளர் சங்கங்களும் பால் உற்பத்தியாளர் சங்கங்களும் பல உள. அவற்றில் நாளை உறுப்பினராகவும் அலுவலராகவும் அமரவிருக்கும் மாணவமணிகள் அம்மையாரின் வாழ்வை நெஞ்சிற் கொள்ளுதல் நன்று. ஆதாயத்தைப் பங்கிடுமுன், அதனை ஈட்டித் தந்தவரின் கூலி நிறைவாயிற்றா என்று வினவுவதே கூட்டுறவின் முதற்கடமை. பிறர் நிறுவனத்தில் நீதி கேட்பது எளிது. தமது நிறுவனத்தில், தம் பங்கு குறையுமெனத் தெரிந்தும் கேட்பதே அரிது. அவ்வரிய செயலை ஆற்றியமையாலேயே அம்மையார் என்றும் போற்றத்தக்கவர்.