மெர்க்கிஸ்டன் கோட்டையில் இருபது ஆண்டுகள்

கையடக்கமான கணிப்பானில் 2 என்னும் எண்ணை இட்டு, இயல் மடக்கைக்குரிய விசையை அழுத்தினால், 0.6931472 என்னும் விடை இமைப்பொழுதில் தோன்றுகிறது. இறகுப் பேனாவைக் கொண்டே நானூறு ஆண்டுகளுக்கு முன் இவ்விடையின் அருகே சென்று சேர்ந்தவர் ஜான் நேப்பியர்.

ஸ்காட்லாந்தில், எடின்பரோவை அடுத்த மெர்க்கிஸ்டன் கோட்டையில் 1550இல் அவர் பிறந்தார். அப்போது தந்தைக்கு வயது பதினாறு. பதின்மூன்றாம் வயதில் செயின்ட் ஆன்ட்ரூஸ் பல்கலைக்கழகம் புகுந்தார். அதே ஆண்டில் தாயை இழந்தார். பட்டம் பெறாமலே வெளியேறினார். பின்னாளில் நிலக்கிழாராக வாழ்ந்த அவருக்குக் கணிதம் தொழிலன்று. சமயமே உயிர்மூச்சு. விவிலியத்தின் திருவெளிப்பாட்டு நூலுக்கு 1593இல் விளக்கம் எழுதி, 1688க்கும் 1700க்கும் இடையே உலகம் முடியும் எனக் கணித்தார். தம் பெயர் அந்நூலால் நிலைக்கும் என அவர் எண்ணியதாகக் கூறுவர்.

அக்காலத்து வானியலார் நெடிய எண்களைப் பெருக்கியும் வகுத்தும் வாழ்நாளைத் தொலைத்தனர். பெருக்கலைக் கூட்டலாக மாற்ற வழியுண்டா என்பதே நேப்பியரின் வினா. அவர் இரு புள்ளிகளைக் கற்பனை செய்தார். ஒன்று முடிவற்ற கோட்டில் மாறாத வேகத்தில் செல்கிறது. மற்றொன்று ஒரு கோடி அலகு நீளமுள்ள கோட்டில், எஞ்சிய தொலைவுக்கு ஏற்ப வேகம் தளர்ந்து, இலக்கை ஒருநாளும் அடையாமல் ஊர்கிறது. எஞ்சிய அத்தொலைவின் மடக்கையாவது, அதே நேரத்தில் முதற்புள்ளி கடந்த தொலைவு. கவிஞர்களாகிய நாம் இதனை உவமை என்போம். அவருக்கு இதுவே வரையறை.

வரையறை எளிது, கணக்கு கொடிது. ஏறத்தாழ இருபது ஆண்டுகளை அது விழுங்கியது. ஒரு கோடியிலிருந்து அதன் இலட்சத்தில் ஒரு பங்கைக் கழித்து, மிஞ்சியதிலிருந்து மீண்டும் அதன் இலட்சத்தில் ஒரு பங்கைக் கழித்து, இவ்வாறு ஐம்பது படிகள். அவர் அமைத்த மூன்று அடிப்படை அட்டவணைகளுள் இது ஒன்றுதான். ஐம்பதாம் படியில் 99,95,001.224804 வந்திருக்க வேண்டும். அவர் எழுதியதோ 99,95,001.222927. எங்கோ ஒரு கழித்தல் பிழைத்துவிட்டது. அதன்மேல் எழுந்த மாடங்கள் எல்லாம் மயிரிழை சாய்ந்தன. கோடியின் பாதியாகிய ஐம்பது இலட்சத்துக்கு அவர் தந்த மடக்கை 69,31,469. இதனைக் கோடியால் வகுத்தால், நம் கணிப்பானின் விடைக்கு ஏழாம் இலக்கத்தில் மூன்று மட்டுமே குறைகிறது.

இதற்காக அவரைக் குறைகூற எனக்கு மனமில்லை. கணிப்பானும் விடைகளை மனப்பாடம் செய்து வைத்திருப்பதில்லை. 1972இல் வெளிவந்த எச்பி-35 என்னும் கருவி, 2, 1.1, 1.01 போன்ற சில எண்களின் மடக்கைகளை மட்டும் நினைவில் கொண்டு, தந்த எண்ணைப் படிப்படியாக அவற்றின் பெருக்கமாக்கி, மடக்கைகளைக் கூட்டியே விடை சொன்னது. நேப்பியரின் படிகளுக்கு அது தூரத்து உறவு. அக்கருவியும் தொடக்கத்தில் சறுக்கியது: 2.02இன் மடக்கையைக் கண்டு, அதிலிருந்து எண்ணுக்குத் திரும்பினால் 2 என்றே காட்டியது.

நேப்பியரின் அட்டவணை 1614இல் இலத்தீனில் வெளிவந்தது. அதனைக் கற்று வியந்த இலண்டன் பேராசிரியர் ஹென்றி பிரிக்ஸ், மறு ஆண்டு கோடையில் மெர்க்கிஸ்டனுக்கே பயணமானார். இருவரும் ஒருவரையொருவர் நோக்கியபடி கால்மணி நேரம் பேச்சற்று நின்றனராம். ஒரு திங்கள் உடனிருந்து, ஒன்றின் மடக்கையைச் சுழியாகவும் பத்தின் அடுக்குகளை அடிப்படையாகவும் கொள்ள உடன்பட்டனர். நம்மில் மூத்தோர் பள்ளியில் புரட்டிய மடக்கை அட்டவணை அவ்வுரையாடலின் வழிவந்ததே. பிரிக்ஸ் 1616இலும் சென்றார். மூன்றாம் கோடைக்கு முன்பே, 1617 ஏப்ரல் 4ஆம் நாள், நேப்பியர் மறைந்தார். கணக்கிட்ட முறையை விளக்கும் நூலை மகன் இராபர்ட் 1619இல் வெளியிட்டார். தந்தையின் பிழையும் அதில் அச்சேறியது.

அதே ஆண்டு சூலையில், வானியல் அறிஞர் கெப்ளர் தம் 1620ஆம் ஆண்டுக் கோள்நிலைக் குறிப்பை நேப்பியருக்குப் படையலாக்கி, அவருக்கே மடல் வரைந்தார். நேப்பியர் மறைந்து ஈராண்டு கடந்த செய்தி அவரை எட்டியிருக்கவில்லை.