கண்டிப் பிறக்கிராசியார்

நீதிமன்றத்தில் வழக்காடிப் பொருளீட்டினோர் பலர். அவ்வன்மையை நாட்டுக்கு ஆக்கினோர் சிலர். அச்சிலருள் ஒருவராக யான் கருதுவது, 1879 ஆம் ஆண்டிற் பிறந்த ஜோர்ஜ் ஈ. டி சில்வா அவர்களை. கண்டியிற் பிறக்கிராசித் தொழில் நடத்திய இவர், குலப்பெருமையோ பெருநிலமோ துணையாகாமல் தம் முயற்சியால் உயர்ந்தவர்.

அக்காலத்தில் இலங்கையில் நூற்றுக்கு ஏறத்தாழ நால்வருக்கே வாக்குரிமை இருந்தது. கற்ற தலைவர் பலர் அதனை விரிக்க அஞ்சினர். டி சில்வாவோ வறியோர்க்கும் வாக்கு வேண்டுமென நின்றார். அவர்தம் மனைவியார் அக்னஸ் அம்மையார், பெண்கள் வாக்குரிமைச் சங்கத்தின் செயலாளராய், டொனமூர் ஆணைக்குழுவின் முன் 1928 இற் சாட்சி பகர்ந்தார். பெண்களுக்கு முப்பது வயதென்றது குழு. 1931 இல் இருபாலார்க்கும் 21 வயதென்றே சட்டமாயிற்று.

அரசாங்க சபையிற் கண்டியின் உறுப்பினராய் வீற்றிருந்த அவர், 1942 இற் சுகாதார மந்திரியானார். அவர் பொறுப்பிலிருந்த 1946 இல் நுளம்பை ஒழிக்க டீ.டீ.ரீ. மருந்து நாடெங்கும் தெளிக்கப்பட்டது. ஆயிரவருக்கு ஏறத்தாழ 20 ஆயிருந்த இறப்பு, மறு ஆண்டில் 14 அளவிற் குறைந்தது. 1947 இற் பாராளுமன்றம் புகுந்து மீண்டும் மந்திரியானார். சட்டத்தால் வாழ்ந்த அவரே தேர்தல் மனுவொன்றால் 1948 இல் அவ்விடத்தை இழந்தார். 1950 இல் மறைந்தார்.

அதற்கு முன்னரே, 1948, 1949 ஆம் ஆண்டுச் சட்டங்கள் மலையகத் தமிழருட் பெரும்பாலோரின் வாக்கைப் பறித்தன. எல்லார்க்கும் என்று கேட்டுப் பெற்றது எல்லார்க்கும் நிலைக்கவில்லை. இவர் வரலாற்றை மாணாக்கர்க்குச் சொல்லும்போதெல்லாம் யான் இதனையும் சேர்த்தே சொல்வேன். வாக்கைப் பெற்றுத் தந்தோரையும் அதனை இழந்தோரையும் ஒருங்கே நினைத்தல் கற்றோர் கடன்.