வைத்தியப் பேரறிஞர் பெனெடிக்ற் ஸ்ரில்லிங்

மனித உடலின் உள்ளமைப்பை மக்கள் அறிந்துகொண்ட வரலாறு, ஒருவகையிற் கூறின், கத்தியின் வரலாறேயாகும். உடலை அறுத்துப் பார்த்தோர் உறுப்புக்களை அறிந்தனர். உறுப்புக்களை மெல்லிய தகடுகளாகச் சீவி நுணுக்குக்காட்டியின்கீழ் வைத்துப் பார்த்தோர் இழையங்களையும் கலங்களையும் அறிந்தனர். ஆயின், மெல்லிதாகச் சீவுதல் எளிய செயலன்று. கல்லூரி ஆய்வுகூடத்திலே தாவரத் தண்டைச் சவர அலகினாற் சீவிப் பழகிய மாணவர் இதனை நன்கறிவர். தாவரத் தண்டுக்கு இயல்பாகவே விறைப்பு உண்டு. அலகு அதனூடு வழுவாது செல்லும். விலங்கின் இழையமோ அத்தகையதன்று. அதிலும் மூளையும் முண்ணாணும் அலகு பட்ட மாத்திரத்தே நசுங்கிக் குழைவன. அவற்றைத் தாள்போலச் சீவ முயல்வது தயிர்க்கட்டியைத் தாள்போலச் சீவ முயல்வதை ஒக்கும். இவ்விடர்ப்பாட்டைக் குளிரின் துணைகொண்டு வென்று, நரம்புத் தொகுதியின் அமைப்பை ஒழுங்குற ஆராயும் வழியைத் திறந்துவைத்தவர் பெனெடிக்ற் ஸ்ரில்லிங் என்னும் ஜேர்மன் வைத்தியர். அவர்தம் வாழ்க்கையை இம்மலர் வாயிலாக எம் மாணவருக்கும் பழைய மாணவருக்கும் எடுத்துரைக்க விழைகின்றோம்.

ஸ்ரில்லிங் 1810ஆம் ஆண்டு பெப்ருவரி மாதம் 22ஆம் நாள், ஹெசன் நாட்டிலுள்ள கேர்ச்ஹைன் என்னுஞ் சிற்றூரிலே, யூதர் குலத்திற் பிறந்தார். அயலிலுள்ள மார்பேர்க் பல்கலைக்கழகத்தில் வைத்தியம் பயின்று 1832ஆம் ஆண்டளவிற் படிப்பை முடித்தார். மறுவருடமே, அந்நாட்டின் தலைநகராய் விளங்கிய காசெல் நகரிலே நீதிமன்றச் சத்திர வைத்தியர் பதவி அவருக்குக் கிடைத்தது. அக்காலத்தில் ஜேர்மன் நாடுகளிற் பல்கலைக்கழகக் கதவுகள் யூதருக்கு மாணவராக நுழைவதற்குத் திறந்திருந்தனவேயன்றி, பேராசிரியராக அமர்வதற்குத் திறந்திருக்கவில்லை. தம் சமயத்தைக் கைவிட்டு ஞானஸ்நானம் பெற்றவர்க்கே அப்பதவிகள் பெரும்பாலும் எட்டின. ஸ்ரில்லிங் தம் வாழ்நாளில் எப்பல்கலைக்கழகத்திலும் பேராசிரியராக அமர்ந்தவரல்லர் என்பதை வாசகர் மனத்திற்கொள்ள வேண்டும்.

சத்திர வைத்தியத்தில் அவர் பெற்றிருந்த கைத்திறன் பெரிது. 1834ஆம் ஆண்டில், வெட்டுண்ட குருதிக்குழாயை அதன் சுவரிலே செய்த துவாரத்தின் வழியே கோத்து இழுத்துக் குருதிப்பெருக்கை நிறுத்தும் முறையொன்றை விளக்கி நூலெழுதினார். 1837ஆம் ஆண்டிற் சூலகக் கட்டியொன்றை வயிற்றைத் திறந்து அகற்றி, அதன் காம்பை வயிற்றின் உள்ளே விடாது வெளிப்புறத்தே பிணைத்து வைக்கும் முறையைக் கையாண்டார். நோவறியா மயக்கமூட்டும் ஈதர் 1846ஆம் ஆண்டிலேயே சத்திர வைத்தியத்திற் பரவலாயிற்று என்பதை நினைவுகூர்வோமாயின், இத்தகைய சிகிச்சைக்கு வேண்டிய துணிவு எத்துணையென்பது விளங்கும்.

1840ஆம் ஆண்டு அவர் வாழ்வில் ஒரு திருப்பம் நேர்ந்தது. அரசாங்கம் அவரைக் காசெல் நகரினின்றும் வேறோர் ஊருக்கு மாற்ற முற்பட்டது. மாற்றத்தை ஏற்பின் பதவியும் வேதனமும் நிலைக்கும். ஆயின், நகரிலே தாம் தொடங்கிய ஆராய்ச்சி நின்றுபோம். ஸ்ரில்லிங் பதவியைத் துறந்தார். அன்று தொட்டு இறுதிவரை தனிப்பட்ட வைத்தியராகவே தொழில் செய்து, அதனாற் கிடைத்த பொருளைக் கொண்டே வாழ்ந்து, ஆராய்ச்சியையும் நடத்திவந்தார்.

அதே ஆண்டில் முண்ணாண் சார்ந்த நோய்களைப்பற்றிய அவரது பெருநூல் வெளிவந்தது. குருதிக்குழாய்கள் சுருங்குவதையும் விரிவதையும் ஆளும் நரம்புகள் உளவென அதிலே நுணுகி வாதிட்டு, அவற்றிற்குக் குழாய்களை இயக்குவன என்னும் பொருள்படப் பெயரொன்றையும் சூட்டினார். வாசோமோற்றர் என உலகெங்கும் வைத்திய மாணவர் இன்றும் வழங்குஞ் சொல் அதுவே. பிரான்சு நாட்டு அறிஞர் குளோட் பேர்னார் அந்நரம்புகளின் தொழிலைச் சோதனையாற் காட்டத் தொடங்கியது அதற்குப் பத்தாண்டுகள் கழிந்த பின்னராகும்.

இனி, அவரது பெருங் கண்டுபிடிப்புக்கு வருவோம். முண்ணாணிலிருந்து வெளிவரும் நரம்பு வேர்களுள் முன்வேர் அசைவுக்கும் பின்வேர் உணர்வுக்கும் உரியனவென்பது 1822ஆம் ஆண்டளவிற் சோதனைகளால் நிறுவப்பட்டுவிட்டது. ஆயின், அவ்வேர்கள் முண்ணாணின் உள்ளே புகுந்தபின் எங்குச் செல்கின்றன, எவற்றோடு இணைகின்றன என்பதை எவரும் தெளிவாக அறிந்திலர். அந்நாளைய ஆராய்ச்சியாளர் இழையத்தை ஊசிமுனையாற் பிரித்து, நார்களைத் தனித்தனியாக்கிப் பார்த்தனர். அதனால் ஒவ்வொரு நாரின் உருவம் புலனாயிற்று. அந்நார் இருந்த இடமும் செல்லும் திசையும் புலனாகவில்லை. நெய்த ஆடையை நூல்நூலாகப் பிரித்தபின் அதன் கோலத்தைக் காண முடியுமோ? முடியாதன்றே. அதுபோன்றதே அவர்தம் நிலையும்.

1842ஆம் ஆண்டு ஜனவரி மாதம் 25ஆம் நாள் காசெல் நகரிற் கடுங்குளிர் நிலவியது. ரேயோமர் அளவையில் பூச்சியத்துக்குக் கீழே 13 பாகை. இன்று நாம் வழங்கும் சதம அளவையிற் பூச்சியத்துக்குக் கீழே ஏறக்குறைய 16 பாகை. அக்குளிரில் வைக்கப்பட்டிருந்த முண்ணாண் துண்டொன்று கல்போல உறைந்துவிட்டது. ஸ்ரில்லிங் அதனைப் பழுதென்று எறிந்துவிடவில்லை. சத்திரக்கத்தியை அதற்குச் செங்குத்தாக வைத்து, ஓரளவு மெல்லிய குறுக்குவெட்டொன்றைச் சீவியெடுத்தார். அதனைப் பதினைந்து மடங்கு பெருப்பித்துக் காட்டும் நுணுக்குக்காட்டியில் நோக்கினார். முண்ணாணின் நடுவினின்று குறுக்காக ஓடும் நரம்பு நார்க் கற்றைகள், இருந்த இடத்திலேயே இருந்தபடியே, அவர் கண்முன் துலங்கின. முண்ணாணின் வியத்தகு மாளிகையைத் திறக்கும் திறவுகோல் கையிற் கிடைத்துவிட்டதாக அவர் எண்ணினார். நீராடுகையில் உண்மையொன்றைக் கண்டு கூவிய ஆர்க்கிமிடீசின் மகிழ்ச்சியினும் தமது மகிழ்ச்சி குறைந்ததன்று எனப் பின்னர் எழுதியும் வைத்தார்.

இவ்விடத்தில் ஓர் உண்மையைக் கூறுதல் கடனாகும். உறைந்த உடலை வெட்டியோருள் ஸ்ரில்லிங் முதல்வரல்லர். ஒல்லாந்து நாட்டு றீமர் என்பார் உறைந்த பிரேதங்களை வெட்டிப் பெற்ற படங்களை 1818ஆம் ஆண்டிலேயே வெளியிட்டார். பிரான்சு நாட்டு றஸ்பாய் 1820களில் உறைந்த இழையங்களைச் சீவி ஆராய்ந்தார். அவ்வாறாயின் ஸ்ரில்லிங்கின் சிறப்பு யாது? ஒரு வெட்டைக் கண்டு அமையாது, ஒன்றன்பின் ஒன்றாக, இடைவிடாத வரிசையில் வெட்டுக்களை எடுத்தமையே அவரது சிறப்பாகும். குறுக்காகவும் நெடுக்காகவும் சாய்வாகவும் எடுத்த வெட்டுக்களை ஒழுங்காக அடுக்கி, ஒன்றோடொன்று ஒப்புநோக்கி, முழு உறுப்பின் அமைப்பை மனத்திலே மீண்டும் கட்டியெழுப்பினார். தொடர்வெட்டு முறை என நாம் கூறுவது இதுவே. குளிர் எல்லார்க்கும் பொதுவானது. அதனை ஒரு முறையாக்கியது அவரது உழைப்பு.

யோசேப் வல்லாக் என்னும் வைத்தியரோடு சேர்ந்து முண்ணாணின் அமைப்பைப்பற்றிய முதல் நூலை அவ்வாண்டிலேயே வெளியிட்டார். 1843ஆம் ஆண்டில் முண்ணாணுக்கு மேலுள்ள நீள்வளைய மையவிழையத்தையும், 1846ஆம் ஆண்டில் அதற்கும் மேலுள்ள மூளைப் பாலத்தையும் ஆராய்ந்து நூல்கள் வெளியிட்டார். குளிர்காலத்தை எதிர்பார்த்திருக்க வேண்டாதபடி இழையத்தை மதுசாரத்தில் ஊறவைத்து இறுகச் செய்யும் முறையையும் அவர் கையாண்டார். நாவை அசைக்கும் நரம்பு முதலாய மூளை நரம்புகள் தோன்றும் கலத்திரள்களை ஒவ்வொன்றாக இடங்கண்டு பெயரிட்டவர் அவரே. 1857 முதல் 1859 வரை முண்ணாணைப்பற்றிய விரிந்த நூலும், 1864 முதல் 1878 வரை சிறுமூளையைப்பற்றிய நூலும் வெளிவந்தன. பிரெஞ்சு விஞ்ஞானக் கழகம் மொந்தியோன் பரிசு வழங்கி அவரைக் கௌரவித்தது. நோயாளரைப் பார்ப்பதே பிழைப்பாகக் கொண்ட ஒருவர் இவையனைத்தையும் எழுதி முடித்தார் என்பது வியப்புக்குரியது.

அவர் கூறியன யாவும் நிலைபெற்றன என்று நாம் கூறோம். இழையங்களுக்குச் சாயமூட்டிப் பார்க்கும் வழக்கம் 1858ஆம் ஆண்டிற்குப் பின்னரே வேரூன்றியது. தொடக்க நாட்களில் ஸ்ரில்லிங் கண்டவை சாயமற்ற, தடித்த வெட்டுக்கள். ஆதலின் நுண்ணிய இணைப்புக்கள்பற்றிய அவர்தம் முடிபுகள் சில பின்வந்தோராற் திருத்தப்பட்டன. ஆயின், திருத்தியவர்களும் அவர் வகுத்த தொடர்வெட்டு முறையைக் கொண்டே திருத்தினர்.

இத்துறையின் சொற்களைப்பற்றியும் சிறிது கூறுதல் பொருந்தும். இழையத்தைக் குறிக்கும் மேனாட்டுச் சொற்கள் நெய்த துணி, தறி என்னும் பொருள்களினின்று பிறந்தன. இழை என்னும் அடியிற் பிறந்த எமது இழையம் என்னுஞ் சொல் அக்கருத்தை அழகுறத் தாங்கிநிற்கின்றது. மெல்லிய சீவல்களை எடுக்கும் பொறியாகிய மைக்கிரோத்தோம் என்பதன் பொருள் நுண்ணிதாய் வெட்டுவது என்பதே. நரம்புக் கலத்திரளுக்கு ஸ்ரில்லிங் இட்ட ஜேர்மன் சொல் பழத்தின் கொட்டையைக் குறிப்பது. தமிழில் அதனைக் கரு என்கின்றோம். கலத்தின் உள்ளிருக்கும் பொருளையும் கரு என்றே சொல்கின்றோம். ஒன்று பல கலங்களின் திரள். மற்றையது ஒரு கலத்தின் உட்பகுதி. இரண்டையும் ஒன்றெனக் கொண்டு மயங்கும் மாணவர் உளர். நரம்புக்கரு, கலக்கரு எனப் பிரித்து வழங்கின் இம்மயக்கம் நீங்கும். அவ்வாறே உறைவெட்டு என்னும்போது, உறை என்பது மேற்போர்வையைக் குறிப்பதன்று, உறைதலைக் குறிப்பது எனக் கொள்ளல் வேண்டும். வைத்தியசாலையிலோ அச்சொல் ஒரு சீவலை மாத்திரம் குறிப்பதன்று; சத்திரசிகிச்சை நடைபெறும்போதே நோயியலறிஞரிடம் விடை கேட்டுப் பெறும் செயல் முழுவதையும் குறிக்கும்.

ஸ்ரில்லிங் 1879ஆம் ஆண்டு ஜனவரி மாதம் 28ஆம் நாள் காசெல் நகரிலே காலமானார். உறைந்த முண்ணாணைச் சீவிய அதே 1842ஆம் ஆண்டிற் பிறந்த அவர்தம் மைந்தர் யாக்கோப் ஸ்ரில்லிங், கண் வைத்தியராகி, நிறக்குருடைச் சோதிக்கும் படத்தகடுகளை ஆக்கிப் புகழ்பெற்றார்.

தந்தையார் கையாண்ட குளிரோ அவருக்குப் பின்னர் புதியதொரு பணியை மேற்கொண்டது. குளிர்காலத்தை நம்பாது, பொறியினாலேயே இழையத்தை உறையவைத்துச் சீவும் கருவியை 1870களில் வில்லியம் றதபோர்ட் பிரித்தானியாவிற் பரப்பினார். 1891ஆம் ஆண்டில் அமெரிக்காவின் யோன்ஸ் ஹொப்கின்ஸ் வைத்தியசாலையிலே, சத்திரசிகிச்சை நடைபெறும் வேளையில் உறைவெட்டினால் நோயை அறிய வில்லியம் வெல்ச் முயன்றார். வெட்டு ஆயத்தமாவதற்குள் சிகிச்சை முடிந்துவிட்டது. 1905ஆம் ஆண்டு ஜனவரியில், மினசோற்றாவிலுள்ள மேயோ வைத்தியசாலையைச் சேர்ந்த லூயி வில்சன் இழையத்தை யன்னலுக்கு வெளியே பனிக்குளிரில் வைத்து உறையச் செய்து, சீவி, நீலச்சாயமூட்டி, நோயாளி மேசையிற் கிடக்கும்போதே விடை கூறும் முறையை உருவாக்கினார். அறுபத்து மூன்று ஆண்டுகளுக்கு முன்னர் காசெலில் உதவிய குளிரே இங்கும் உதவியது. 1938ஆம் ஆண்டில் கோப்பன்ஹேகனிலுள்ள காள்ஸ்பேர்க் ஆய்வுகூடத்தில், சீவும் பொறியையே குளிர்ப்பெட்டியினுள் அமைக்கும் ஏற்பாடு தோன்றியது. அதன் வழிவந்த கிறையோஸ்ராற் என்னும் கருவியையே இன்று வைத்தியசாலைகள் பயன்படுத்துகின்றன. பூச்சியத்துக்குக் கீழே 20 பாகையளவிற் குளிர்ந்த அப்பெட்டியில், ஒரு மில்லிமீற்றரின் ஆயிரத்தில் ஐந்து முதல் பத்துப் பங்கு தடிப்புள்ள சீவல்கள் எடுக்கப்படுகின்றன. மெழுகிற் பதித்துச் சீவும் வழக்கமான முறைக்கு ஒரு நாளளவு வேண்டும். உறைவெட்டுக்கோ ஏறத்தாழ 20 நிமிடங்கள் போதும்.

இதிலுள்ள தத்துவம் எளிது. இழையத்திற் பெரும்பகுதி நீர். அந்நீர் பனிக்கட்டியாகும்போது கலங்களுக்கு விறைப்பான தாங்கியாகின்றது. மெல்ல உறையவிடின் பெரும் பளிங்குகள் தோன்றிக் கலங்களைக் கிழிக்கும். விரைந்து உறையவைப்பின் பளிங்குகள் மிகச் சிறியனவாய் அமைந்து ஊறு குறையும். கட்டி புற்றுநோயோ அன்றோ, வெட்டிய விளிம்பில் நோய் எஞ்சியுள்ளதோ என்னும் வினாக்களுக்கு அச்சீவல் விடை தருகின்றது. இன்னும் வெட்டுவதா, நிறுத்துவதா என்பதைச் சத்திர வைத்தியர் அவ்விடையைக் கொண்டே துணிகின்றார். ஓர் உறுப்பை இழப்பதும் காப்பதும் பலமுறை அதிலேயே தங்கியுள்ளது.

ஸ்ரில்லிங்கின் வாழ்க்கையைத் தற்செயலாக வாய்த்த நற்பேறு எனச் சிலர் கூறக்கூடும். காசெல் நகரிலே அவ்விரவில் உறைந்துபோன பொருள்கள் எத்தனையோ! முண்ணாணின் அமைப்பை அறியவேண்டுமென்னும் வேட்கையோடு இருந்தவர் ஒருவர்க்கே அவ்வுறைவு பயன் தந்தது. அதற்கு இரண்டாண்டுகளுக்கு முன்னர் அவர் பதவிக்காக ஊர்விட்டுச் சென்றிருப்பின், அத்துண்டும் அங்கு இருந்திராது; அதனை நோக்கும் கண்ணும் இருந்திராது. பதவியும் பட்டமும் இல்லாவிடத்தும் கல்வியை விடாது பற்றியிருத்தல் கூடுமென்பதற்கு அவர் சான்றாவர். ஆய்வுகூடத்திலே சவர அலகைக் கையிலேந்தும் எம் மாணவர், தாம் சீவும் ஒவ்வொரு வெட்டையும் எறியுமுன் ஒருமுறை ஊன்றி நோக்குவாராக.