குழந்தையைக் கண்டு குறித்து வைத்த மாண்டிசோரி அம்மையார்

1869ஆம் ஆண்டு நம் வலங்கைமானில் ஓர் ஏழைப் புரோகிதர் இல்லத்தில் பிறந்த சீனிவாச சாஸ்திரியார், கும்பகோணம் சென்று கற்று, சென்னைத் திருவல்லிக்கேணியில் தலைமை ஆசிரியராக விளங்கி, உலகம் அறிந்த நாவலராக உயர்ந்தார். அவர் கற்ற பள்ளியும் பெற்ற பட்டமும் ஆற்றிய பணியும் நூல்களில் ஏறியுள்ளன. அதே காலத்தில் இதே ஊரைச் சுற்றியுள்ள சேரிகளில் பிறந்த நம் முன்னோர், குழந்தைப் பருவத்தில் எதைக் கண்டு வியந்தனர், எதைத் தாமாகவே கற்றுக்கொண்டனர் என்பதை எழுதி வைத்தவர் எவரும் இல்லை. பண்ணை மாடுகளை மேய்த்தனர் என்ற அளவில்தான் அறிகிறோம். மாலையில் மந்தை திரும்பும்போது எந்த மாடு வரவில்லை என்பதை எழுத்தறியாத சிறுவன் ஒரே பார்வையில் சொல்லிவிடுவான். அந்த அறிவைக் கண்ணெடுத்துப் பார்த்தவர் இல்லை. பாராமலே, இப்பிள்ளைகளுக்குப் படிப்பு ஏறாது என்று தீர்ப்புக் கூறிவிட்டார்கள்.

முதலில் பார்ப்பது, பார்த்ததை எழுதுவது, அதன் பின்னரே தீர்ப்புக் கூறுவது என்ற ஒழுங்கைக் குழந்தைக் கல்விக்குள் கொண்டுவந்த பெண்மணி, சாஸ்திரியாருக்கு ஓராண்டு இளையவர். அவர்தாம் மரியா மாண்டிசோரி அம்மையார். 1870 ஆகஸ்டு 31ஆம் நாள் இத்தாலி நாட்டில் கியாரவல்லே என்னும் சிற்றூரில் பிறந்தார். தந்தையார் அரசாங்க ஊழியர். பெண்கள் ஆசிரியைகளாக மட்டுமே ஆகலாம் என்றிருந்த காலத்தில், தாம் எதுவாக ஆனாலும் ஆசிரியையாக ஆவதில்லை என்றிருந்த பெண் அவர். முதலில் பொறியியலை விரும்பினார். பின்னர் ரோமாபுரிப் பல்கலைக்கழகத்தில் மருத்துவம் பயின்றார். ஆடவரோடு சேர்ந்து நின்று பிணத்தை அறுத்துக் கற்பது பெண்ணுக்கு ஆகாது என்று விலக்கப்பட்டமையால், மற்றவர்கள் சென்றபின் தனியே இருந்து அப்பயிற்சியை முடித்தார். 1896ஆம் ஆண்டில் மருத்துவப் பட்டம் பெற்றபோது, அந்நாட்டின் முதல் பெண் மருத்துவர்களுள் ஒருவரானார். சேர்ந்து நிற்கக் கூடாதென்று விலக்கப்படுவது இன்னதென்று நமக்கு எவரும் விளக்க வேண்டுவதில்லை.

பட்டம் பெற்றபின் மனநோய் மருத்துவப் பிரிவில் பணியாற்றினார். அக்காலத்தில் மூளை வளர்ச்சி குன்றிய குழந்தைகளையும் பித்தர் விடுதிகளில் அடைத்து வைத்திருந்தனர். ஒரு விடுதியில், உணவு முடிந்ததும் தரையில் சிந்திய ரொட்டித் துணுக்குகளைப் பொறுக்கத் தவழும் குழந்தைகளைக் காவற்பெண் அருவருப்போடு காட்டினாள். மாண்டிசோரி அந்த வெற்று அறையைச் சுற்றிப் பார்த்தார். கையில் எடுத்துப் பார்ப்பதற்கு அங்கே வேறு பொருளே இல்லை. குழந்தைகளின் வயிறு நிரம்பியிருந்தது, கைகள்தாம் பசித்திருந்தன. காவற்பெண் நாள்தோறும் கண்ட காட்சியும் அதுவே. ஆனால் அவள் கண்ணுக்குப் பட்டது பேராசை, இவர் கண்ணுக்குப் பட்டது கற்கும் வேட்கை.

அதன்பின் இட்டார், செகுவின் என்னும் பிரெஞ்சு மருத்துவர்களின் நூல்களைத் தேடிப் படித்தார். அவற்றை இத்தாலிய மொழியில் தம் கையாலேயே எழுதிப் பார்த்தார். 1900ஆம் ஆண்டில் அத்தகைய குழந்தைகளுக்கான பள்ளி ஒன்றின் பொறுப்பேற்று, பகலெல்லாம் உடனிருந்து கற்பித்து, இரவில் கண்டவற்றைக் குறித்து வைத்தார். ஒன்றுக்கும் உதவாதவர் என்று தள்ளப்பட்ட அக்குழந்தைகளுள் சிலர் பொதுத் தேர்வில் மற்றப் பிள்ளைகளோடு அமர்ந்து தேறினர். ஊரார் வியந்து பாராட்டினர். அம்மையாரோ வேறு திசையில் சிந்தித்தார். குறையுள்ள குழந்தைகள் இவ்வளவு தூரம் வர இயலுமென்றால், குறையற்ற குழந்தைகளை அதே இடத்தில் நிறுத்தி வைத்திருப்பது எது? குற்றம் பள்ளியில் இருக்கிறது என்ற முடிவுக்கு அவர் வந்தார். நம் இளைஞர்கள் இவ்விடத்தைச் சற்று நின்று படிக்க வேண்டும். பிள்ளையின் மேல் சுமத்தப்பட்ட குற்றத்தைப் பள்ளியின் மேல் திருப்பிய கேள்வி இது.

இக்காலத்திலேயே அவர் வாழ்வில் ஒரு துயரமும் நேர்ந்தது. உடன் பணியாற்றிய மருத்துவரோடு கொண்ட அன்பின் பயனாக 1898ஆம் ஆண்டில் மரியோ என்னும் மகன் பிறந்தான். திருமணம் நிகழவில்லை. ஊர்ப் பழிக்கு அஞ்சிக் குழந்தை வேறிடத்தில் வளர்க்கப்பட்டது. உலகக் குழந்தைகளை உற்று நோக்கிய தாய், தம் குழந்தையின் இளமையை அருகிருந்து காணவில்லை. வளர்ந்த பின் மரியோ தாயோடு சேர்ந்து இறுதிவரை அவருக்குத் துணையாக நின்றார்.

ரோமாபுரியில் சான் லொரென்சோ என்பது கூலித் தொழிலாளர் நெருங்கி வாழ்ந்த பகுதி. ஒரு கட்டட நிறுவனம் அங்கிருந்த வீடுகளைச் சீர்செய்து வாடகைக்கு விட்டது. பெற்றோர் வேலைக்குச் சென்றபின், பள்ளி வயதை எட்டாத சிறுவர்கள் மாடிப்படிகளில் ஓடியாடிப் புதுச் சுவர்களைக் கிறுக்கிப் பாழாக்கினர். அவர்களை ஓர் அறையில் சேர்த்து வைத்தால் சுவர்கள் தப்பும் என்று எண்ணி, நிறுவனத்தார் அம்மையாரை அழைத்தனர். உலகப் புகழ் பெற்ற குழந்தைகள் இல்லம் 1907 சனவரி 6ஆம் நாள் திறக்கப்பட்டது இவ்வாறுதான். சுவருக்காகத் திறந்த பள்ளி அது! ஏறத்தாழ ஐம்பது குழந்தைகள். பார்த்துக்கொள்ள அமர்த்தப்பட்ட பெண்ணும் ஆசிரியப் பயிற்சி பெற்றவள் அல்லள். அதுவும் நன்றே என்று அம்மையார் கருதினார். பழைய முறையைக் கற்றவளாயின் அதை முதலில் மறக்கச் செய்ய வேண்டியிருந்திருக்கும்.

அங்கே அவர் கண்டவற்றுள் ஒன்று. மூன்று வயதுச் சிறுமி ஒருத்தி, வெவ்வேறு பருமனுள்ள உருளைக் கட்டைகளை அவற்றிற்குரிய குழிகளில் பொருத்திக்கொண்டிருந்தாள். பொருத்தி முடித்ததும் எல்லாவற்றையும் வெளியே எடுத்து மீண்டும் தொடங்கினாள். அம்மையார் எண்ணத் தொடங்கினார். மற்றக் குழந்தைகளைப் பாடச் சொன்னார், சிறுமி நிமிரவில்லை. அவளை நாற்காலியோடு தூக்கி மேசைமேல் வைத்தார். கட்டைகளை மடியில் அணைத்துக்கொண்டு வேலையைத் தொடர்ந்தாள். 40 முறைக்கு மேல் செய்தபின், உறங்கி எழுந்தவள்போல் முகம் மலர்ந்து தானாகவே நிறுத்தினாள். சின்னக் குழந்தைகளின் கவனம் ஒரு பொருளில் நிலைக்காது என்பது அந்நாளைய அறிஞர் பலரின் கொள்கை. அம்மையார் அக்கொள்கையோடு வாதிடவில்லை. எண்ணிக்கையை எழுதி வைத்தார்.

இன்னொரு நாள், பொருள்கள் வைத்த அலமாரியைப் பூட்ட மறந்து ஆசிரியை தாமதமாக வந்தாள். குழந்தைகள் தாமே வேண்டியவற்றை எடுத்து அமைதியாக வேலை செய்துகொண்டிருந்தனர். ஆசிரியை அதைத் திருட்டு என்று எண்ணினாள். தமக்கு வேண்டியது எதுவென்று தேர்ந்தெடுக்க அவர்கள் அறிவர் என்று அம்மையார் கண்டுகொண்டார். அதன்பின் குழந்தையின் கைக்கு எட்டும் உயரத்தில் பூட்டில்லாத அலமாரிகள் வந்தன. உப்புத்தாளில் வெட்டிய எழுத்துகளை விரலால் தடவிப் பழகிய நான்கு, ஐந்து வயதுக் குழந்தைகள் ஒரு நாள் திடீரென்று தரையிலும் சுவரிலும் சொற்களை எழுதலாயினர். அவர்கள் பெற்றோர்களில் பலர் எழுத்தறியாதவர்கள்.

குறிப்பெடுப்பதில் அவர் மருத்துவராகவே இருந்தார். ஒவ்வொரு குழந்தைக்கும் தனித்தாள். வாரந்தோறும் எடை, மாதந்தோறும் உயரம். அதனோடு நில்லாமல், குழந்தை எந்த நேரத்தில் எந்த வேலையை எடுத்தது, எவ்வளவு நேரம் ஈடுபட்டது, எப்போது கலைந்தது என்பதையும் எழுதினார். பின்னாளில் இதைக் கோட்டு வரைபடமாகவே அமைத்தார். தாளின் நடுவில் ஓய்வைக் குறிக்கும் கிடைக்கோடு. வேலையில் ஆழ்ந்தால் கோடு மேலே ஏறும், ஒழுங்கு கலைந்தால் கீழே இறங்கும். இப்படங்களிலிருந்து ஓர் உண்மை வெளிப்பட்டது. காலை பத்து மணியளவில் வகுப்பில் சலசலப்பு எழும். பிள்ளைகள் களைத்துவிட்டனர் என்று ஆசிரியை வேலையை நிறுத்திவிடுவாள். நிறுத்தாது பொறுத்திருந்தால், அதன் பின்னரே குழந்தை அன்றைய பெரிய வேலையை எடுக்கும். நாள்தோறும் எழுதி வைக்காதவருக்கு இது புலப்படாது.

1909ஆம் ஆண்டில் வெளிவந்த அவர் நூல் பல மொழிகளில் பெயர்க்கப்பட்டது. புகழ் வந்தது, சறுக்கலும் வந்தது. முசோலினியின் ஆதரவை அம்மையார் சுமார் பத்தாண்டுகள் ஏற்றிருந்தார் என்பதை மறைக்க வேண்டுவதில்லை. குழந்தையை அரசின் படைவீரனாக்க முனைந்த ஆட்சியோடு அவர் முறை ஒத்துப்போக இயலவில்லை. 1934ஆம் ஆண்டில் அவர் நாட்டை விட்டு வெளியேறினார்; அவர் முறைப் பள்ளிகள் மூடப்பட்டன.

1939ஆம் ஆண்டு இறுதியில், பிரம்மஞான சபையின் தலைவர் அருண்டேல் அழைக்க, மகனோடு சென்னை அடையாற்றுக்கு வந்தார். ஆல்காட் தோட்டத்தில் ஓலைக் கொட்டகைகள் அமைத்துப் பயிற்சி நடந்தது. நாடெங்கிலுமிருந்து ஏறத்தாழ 300 பேர் கூடினர். அம்மையார் இத்தாலிய மொழியில் பேச, மரியோ ஆங்கிலத்தில் பெயர்த்தார்.

அத்தோட்டத்தின் பெயர் நமக்கு அயலானதன்று. அயோத்திதாசப் பண்டிதரோடு தொடர்பு கொண்டிருந்த கர்னல் ஆல்காட், 1894ஆம் ஆண்டில் அடையாற்றில் பஞ்சமர் இலவசப் பள்ளியைத் தொடங்கினார். அப்பள்ளிகளின் பொறுப்பை ஏற்றிருந்த கோர்ட்ரைட் அம்மையார், நம் பிள்ளைகளுக்குக் கற்பிக்கும் முறையை விளக்கி 1906ஆம் ஆண்டிலேயே ஒரு நூல் எழுதினார். சான் லொரென்சோ இல்லம் திறப்பதற்கு ஓராண்டு முன்னரே, சென்னைச் சேரிக் குழந்தைகளின் கல்வி ஏட்டில் ஏறிவிட்டது. ஆல்காட் மறைந்தது 1907 பிப்ரவரியில். ரோமாபுரியில் இல்லம் திறந்து ஆறு வாரமே ஆகியிருந்தது.

1940ஆம் ஆண்டில் இத்தாலி போரில் இறங்கவே, மரியோ சிறைமுகாமில் வைக்கப்பட்டார். அம்மையாரின் எழுபதாம் பிறந்தநாளன்று அரசாங்கம் அவரை விடுவித்தது. 1942 முதல் 1944 வரை கோடைக்கானலில் தங்கி, பல வயதுக் குழந்தைகளைச் செடிகொடிகளோடு பழகவிட்டு நோக்கினார். தாய்மார் கைக்குழந்தையை எங்கும் உடன் சுமந்து செல்லும் நம் வழக்கத்தை அவர் பெரிதும் மதித்தார். ஆசிரியர் இன்றியே மூன்று வயதுக்குள் குழந்தை தாய்மொழியைப் பற்றிக்கொள்ளும் ஆற்றலை விளக்கும் நூல், 1949ஆம் ஆண்டில் சென்னையில்தான் அச்சேறியது. 1952 மே 6ஆம் நாள் ஆலந்து நாட்டில் காலமானார். தஞ்சைப் பண்ணையாட்களுக்குப் பாதுகாப்பளிக்கும் சட்டம் பிறந்ததும் அவ்வாண்டில்தான்.

கூலிக்காரர் குழந்தைகளிடம் கண்டறிந்த முறை, நம் நாட்டில் பெரும்பாலும் செல்வர் வீட்டுப் பிள்ளைகளின் பள்ளிப் பெயர்ப்பலகையாகிவிட்டது. விலையுயர்ந்த கட்டைகளும் பெட்டிகளும் இருந்தால்தான் மாண்டிசோரி என்று எண்ணினர். இதை மாற்றியவர்களுள் தாராபாய் மோடக் அம்மையார் முதன்மையானவர். பவநகரில் கிஜுபாய் பதேகாவோடு பணியாற்றிய அவர், 1945ஆம் ஆண்டில் பம்பாய்க்கு வடக்கே போர்டி என்னும் சிற்றூரில் கிராமக் குழந்தைப் பள்ளி தொடங்கினார். அந்நாளில் அரிசனவாடி எனப்பட்ட தெருவிலிருந்து குழந்தைகள் வரவில்லை. தாராபாயும் அனுதாயி வாகும் பள்ளியையே அத்தெருவின் முற்றத்துக்கு எடுத்துச் சென்றனர். கூழாங்கல்லும் விதையும் இலையும் கருவிகளாயின. முற்றத்துக்கு அவர்கள் மொழியில் அங்கன் என்று பெயர். 1975ஆம் ஆண்டில் மைய அரசு தொடங்கிய குழந்தை வளர்ச்சித் திட்டம் ஏற்றுக்கொண்ட அங்கன்வாடி என்னும் சொல் இதுவே. நம் தெருக் கட்டடத்தின் பலகையில் இருக்கும் அப்பெயர், நம்மைப் போன்றோர் தெரு முற்றத்தில் பிறந்தது என்பதை நம் பிள்ளைகளுக்குச் சொல்லியிருக்கிறோமா?

அங்கன்வாடியில் எடையும் உயரமும் முறையாகக் குறிக்கப்படுகின்றன. அம்மையார் குறித்தவற்றுள் ஒரு பாதி அது. மறுபாதிக்கு ஒரு நாற்பது பக்க நோட்டும் பென்சிலும் போதும். நம் சங்கத்து இளைஞர் ஒருவர் வாரத்தில் ஒரு காலை மூலையில் பேசாது அமர்ந்து ஒரே ஒரு குழந்தையைப் பார்க்கட்டும். ஒரு பெண் குழந்தை கொட்டாங்கச்சியால் மணலை அள்ளித் தகர டப்பாவில் கொட்டுகிறது என்று வைத்துக்கொள்வோம். எத்தனை முறை கொட்டிற்று, எப்போது ஈர மணலுக்கு மாறிற்று, டப்பா வழிந்தபோது என்ன செய்தது, யாரை அழைத்துக் காட்டிற்று என்று நேரத்தோடு எழுத வேண்டும். சுட்டி, மந்தம், அடம் என்னும் சொற்கள் அந்த நோட்டில் வரலாகாது. அவை தீர்ப்புகள். மேலே நாளும் மணியும், குழந்தையின் வயதும். கீழே கண்டது மட்டும்.